காலத்தை மாற்றும் இசையும் தாளக் கணக்கும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் தாங்கள் வெளியிட்ட மிகுபுனைவுக் கதையின் முதற்பகுதியை இரண்டு முறை படித்தேன். அரசவை இசையமைப்பாளர் யாழை மீட்டியதும், விளக்குத் திரி ஒரு விரற்கடைகூடக் கருகாத நேரத்தில் இரவு முழுவதும் கழிந்துவிட்டதாகக் கோட்டைக் காவலன் நம்பி, காவல் மாற ஆள் வரவில்லையே என்று கோபிக்கும் இடம் மிக அருமை. ஆனால், அந்த வல்லமை வனதேவதை கொடுத்த மந்திரத் தந்தியிலிருந்து வந்தது என்று கதாசிரியர் எழுதியதை என் மனம் ஏற்கவில்லை. கேட்பவரின் கால உணர்வை மாற்ற மந்திரம் வேண்டியதில்லை, தாளக் கணக்கே போதும் என்பதை முப்பது ஆண்டுகளாக மிருதங்கம் சொல்லிக்கொடுத்துவரும் அனுபவத்தில் சொல்கிறேன். அதைச் செய்துகாட்டிய ஒருவரைப் பற்றி எழுதவே இக்கடிதம்.

பிரெஞ்சு இசையமைப்பாளர் ஒலிவியே மெசியான் (1908–1992), இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டு, கெர்லிட்ஸ் நகரத்துப் போர்க்கைதிகள் முகாமில் அடைக்கப்பட்டார். அங்கே உடனிருந்த கிளாரினெட், வயலின், செல்லோ கலைஞர்கள் மூவருக்கும், பியானோவில் தமக்குமாக, ‘காலத்தின் முடிவுக்கான நால்வர் இசை’ என்ற எட்டுப் பகுதிகள் கொண்ட படைப்பை அமைத்து, 1941 ஜனவரி 15 அன்று குளிரில் நடுங்கிய கைதிகள் முன்னால் அரங்கேற்றினார். இனிக் காலம் என்பதே இல்லை என்று விவிலியத்தின் திருவெளிப்பாட்டு நூலில் வானதூதர் அறிவிக்கும் இடம் அதற்குத் தூண்டுதல். ஆயினும் தலைப்பில் இன்னொரு பொருளும் உண்டு. பிரெஞ்சு மொழியில் காலத்தைக் குறிக்கும் சொல்லே தாளத்தின் தட்டையும் குறிக்கும். முதற்காலம், இரண்டாம் காலம், காலப்பிரமாணம் என்று தாளத்தின் வேகத்தையே காலமாக அன்றாடம் பேசும் நமக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. சீரான தட்டுக்கு விடை கொடுப்பதையும் சேர்த்துத்தான் அவர் முடிவு என்றார்.

அதற்கு அவருக்குக் கைகொடுத்தது நம் நாட்டுத் தாள இலக்கணம் என்பது பலருக்கும் தெரியாது. 13-ஆம் நூற்றாண்டில் தேவகிரியில் வாழ்ந்த சார்ங்கதேவர், ‘சங்கீத ரத்னாகரம்’ நூலில் வட்டார வழக்கில் இருந்த 120 தேசி தாளங்களைத் தொகுத்திருக்கிறார். அந்தப் பட்டியலைப் பிரெஞ்சுக் கலைக்களஞ்சியம் ஒன்றில் கண்ட மெசியான், அதை விடாமல் ஆராய்ந்தார். நால்வர் இசையின் முதற்பகுதியில் ராகவர்தனம், சந்திரகலா, லட்சுமீசம் ஆகிய மூன்று தாளங்களைக் கோத்து 17 கால அளவுகள் (ஒவ்வோர் ஒலிப்பும் நீளும் நேரங்கள்) கொண்ட ஒரு சுற்றைப் பியானோவுக்குத் தருகிறார். அதன்மேல் 29 சுரக்கூட்டுகளை, அதாவது ஒரே நேரத்தில் ஒலிக்கும் சுரத்தொகுதிகளை, வரிசையாக ஏற்றுகிறார். 17, 29 இரண்டும் பகா எண்கள் ஆகையால், முதல் சுரக்கூட்டு மறுபடியும் முதல் அளவில் வந்து அமர 493 ஒலிப்புகள் ஆகவேண்டும். அதற்கு வெகு முன்பே அந்தப் பகுதி முடிந்துவிடுகிறது. செல்லோவோ 5 சுரங்களை 15 அளவுகளில் வைத்துத் தனியாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. எத்தனை சிக்கலான கோர்வையானாலும் (கணக்கிட்டுக் கோத்த முத்தாய்ப்புச் சொற்கட்டு) கடைசியில் பாட்டு தொடங்கும் இடமான எடுப்பில் வந்து விழும் என்ற நம்பிக்கையோடுதான் நாம் கச்சேரியில் மிருதங்கம் தனியாக வாசிக்கும் தனி ஆவர்த்தனம் கேட்கிறோம். இங்கே விழுவதற்கு இடமே இல்லை. முதன்முதலாக இதைக் கேட்டபோது வழக்கம்போலத் தொடையில் தாளம் போடத் தொடங்கிய நான், சிறிது நேரத்தில் கை அந்தரத்தில் நிற்பதைக் கண்டேன்.

ஆறாம் பகுதியில், முன்னிருந்து எண்ணினாலும் பின்னிருந்து எண்ணினாலும் மாறாத தாள அமைப்புகளை அவர் கையாள்கிறார். எந்தப் பக்கமிருந்து படித்தாலும் ஒன்றாகவே அமையும் திருஞானசம்பந்தரின் மாலைமாற்றுப் பதிகத்தை அறிந்தவர்களுக்கு இந்த உத்தி உடனே பிடிபடும். முன்னும் பின்னும் ஒன்றேயானால், காலம் எந்தத் திசையில் போகிறது என்று காது எப்படி முடிவு செய்யும்?

ஐந்தாம் பகுதி செல்லோவுக்கும் பியானோவுக்கும் மட்டுமானது. முடிவில்லாத மெதுவில் வாசிக்கவேண்டும் என்பது அவர் குறிப்பு. பியானோ ஒரே அளவில் சுரக்கூட்டுகளை ஒவ்வொன்றாக வைத்துக்கொண்டே போக, அதன்மேல் செல்லோவின் ஒற்றை இழை நீள்கிறது. கடிகாரத்தைக் கழற்றி மேசையில் கவிழ்த்து வைத்துவிட்டு என் மாணவர்கள் இருவருக்கு இதைப் போட்டுக் காட்டினேன். முடிந்ததும் எத்தனை நிமிடம் என்று கேட்டபோது, பையன் நான்கு என்றான், பெண் பதினைந்து என்றாள். நாங்கள் கேட்ட பதிவு ஏறத்தாழ எட்டு நிமிடம். இருவருமே கணக்கில் கெட்டிக்காரர்கள், ஒரு தட்டை 3, 4, 5, 7, 9 எனப் பகுக்கும் ஐந்து நடைகளையும் கைதவறாமல் போடக்கூடியவர்கள். கோட்டைக் காவலன் அப்போதுதான் என் நினைவுக்கு வந்தான்.

ஆதலால் கதாசிரியருக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த இதழில் வரப்போகும் பகுதியில், தந்தி அறுந்துபோன ஓர் இரவில் அந்த இசையமைப்பாளரைத் தரையில் உட்காரவைத்து, புளியங்கொட்டைகளைப் பரப்பி, எந்த அடி எதனோடு எப்போது சேரும், எப்போது சேராது என்று எண்ணவிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு மிருதங்க ஆசிரியர்,
கும்பகோணம்.