கேமராவைச் சுமந்தவர் யார்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வடசென்னையைத் திரையில் காட்டிய ஒளிப்பதிவாளர்களைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். காசிமேட்டின் விடியல் வெளிச்சம், வண்ணாரப்பேட்டைச் சந்துகளின் நிழல் எல்லாவற்றையும் கட்டுரையாளர் ரசித்து எழுதியிருக்கிறார். ஆனால் அவர் மாய்ந்து மாய்ந்து பாராட்டும் துரத்தல் காட்சியில் கேமராவைத் தோளில் சுமந்துகொண்டு ஓடியவர் யார்? ஒளிப்பதிவாளரேவா, வேறொருவரா? அதை மட்டும் காணோம்.

ஒளியமைப்பும் லென்ஸ் தேர்வும் ஒளிப்பதிவாளருடையவை. அதில் எனக்குத் தகராறு இல்லை. நம் ஊரில் பலர் கேமராவையும் தாங்களே இயக்குகிறார்கள். ஆனாலும் பல கேமராக்கள் ஒன்றாக ஓடும் சண்டைக்காட்சியிலும், கேமராவை உடம்பில் மாட்டிக்கொண்டு குலுங்காமல் எடுக்கும் ஸ்டெடிகேம் காட்சியிலும், கேமராவை இயக்குவதையே வேலையாகக் கொண்ட ஆபரேட்டிவ் கேமராமேன் இல்லாமல் வேலை நடக்காது.

என் பெரியப்பா மகன் அந்த வேலையில் இருந்தவர். இராயபுரத்திலிருந்து விடியற்காலை பஸ் பிடித்து வடபழனிக்குப் போவார். கறுப்புப் பைக்குள் கைவிட்டு ஃபிலிம் மாற்றினார், டேப் பிடித்துத் தூரம் அளந்து ஃபோகஸ் பார்த்தார். பல வருடம் கழித்துத்தான் ஐபீஸில், அதாவது கேமராவின் பார்வைத் துளையில், கண்வைக்க விட்டார்கள். மானிட்டர் வராத காலம் அது. 400 அடிச் சுருள் நாலரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். லேபில் கழுவி, ரஷ் எனும் முதல் பிரதியைப் போட்டுப் பார்க்கும்வரை, லென்ஸ் வழியாக அந்த ஷாட்டைப் பார்த்த ஒரே மனிதர் அவர்தான். அதனால் 'கட்' சொன்னதும் இயக்குநர் நடிகரைப் பார்க்க மாட்டார், அண்ணன் முகத்தைத்தான் பார்ப்பார்.

அதிலும் ஒரு வேடிக்கை உண்டு. அந்தக் கேமராவில், லென்ஸ் வழி வரும் ஒளியை ஃபிலிமுக்கும் ஐபீஸுக்கும் மாறி மாறி அனுப்பும் கண்ணாடி ஷட்டர் சுழன்றுகொண்டே இருக்கும். ஃபிலிமில் ஒளி விழும் கணத்தில் ஐபீஸ் இருண்டுவிடும், நொடிக்கு 24 முறை. அதாவது பதிவான கணம் அவர் கண்ணில் படவே படாது. இடையிடையே தெரிந்ததை வைத்துத்தான் 'ஓகே' சொல்ல வேண்டும். நடுவில் கண்ணை எடுத்தாலோ, ஐபீஸ் வழியே வெளிச்சம் புகுந்து ஃபிலிமைக் கெடுத்துவிடும். காசிமேட்டுப் படகு எப்படி ஆடினாலும், மீன்வாடையில் குமட்டினாலும் கண் அங்கேயே இருக்க வேண்டும். உப்புக் காற்றுப் பட்ட கேமராவை இரவு துடைத்து வைத்துவிட்டுத்தான் அந்தக் குழுவுக்குச் சாப்பாடு.

தேசிய விருதில் ஒளிப்பதிவுக்கான பரிசைக் கேமராமேனோடு ஃபிலிம் கழுவிய லேபுக்கும் பகிர்ந்து கொடுத்தார்கள். நல்லது. ஆபரேட்டருக்கென்று ஒரு விருது இல்லை. படம் முடிந்து அவர் பெயர் ஓடும்போது திரையரங்கில் விளக்கைப் போட்டுக் கதவைத் திறந்துவிடுகிறார்கள். ஓடிடியில் அதற்குள் அடுத்த படம் வந்து நிற்கிறது.

உங்கள் விமர்சனப் பக்கத்துப் பெட்டிச் செய்தியில் 'ஒளிப்பதிவு' என்பதற்குக் கீழே 'கேமரா இயக்கம்' என்று ஒரு வரி சேர்த்தால் இடம் ஒன்றும் குறைந்துவிடாது. பெயர் தெரியாவிட்டால் படத்தின் மக்கள் தொடர்பாளரைக் கேளுங்கள். கதாநாயகனின் சட்டையை வடிவமைத்தவர் பெயரை அவர்கள் கேட்காமலே அனுப்புகிறார்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகர்,
தண்டையார்பேட்டை, சென்னை-81