கோழை மாமியார் அல்ல, மகன்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த ஜப்பானிய மௌனப் படங்கள் பற்றிய கட்டுரையில் இயக்குநர் மிக்கியோ நருசேயின் 'முடிவில்லாத் தெரு' (1934) இடம்பெற்றது மகிழ்ச்சி. ஓசு, மிசோகுச்சி போன்ற புகழ்பெற்ற இயக்குநர்களைத் தாண்டி நம் பத்திரிகைகள் அவரிடம் வருவது அபூர்வம். ஆனால் 'பழமையில் ஊறிய மாமியாரிடம் சிக்கிய நவீனப் பெண்ணின் கதை' என்று ஒரே வரியில் முடித்துவிட்டதை ஏற்க முடியவில்லை.

சுகிகோ, தோக்கியோவின் கின்ஸாவில் தேநீர் விடுதிப் பணிப்பெண். சினிமாவில் நடிக்க அழைப்பு வந்திருக்கிறது. கல்யாணம் செய்துகொள்ளக் காதலனும் காத்திருக்கிறான். இரண்டையும் கலைத்துப் போடுவது மாமியார் அல்ல, ஒரு கார்! மோதியவன் ஹிரோஷி, பெரிய வீட்டுப் பிள்ளை. பிறகு அவனையே மணக்கிறாள். குலப்பெருமை பேசும் தாயும் நாத்தனாரும் அவளைப் பாடாய்ப் படுத்துகிறார்கள், வாஸ்தவம்தான். ஆனால் ஊரெல்லாம் கார் ஓட்டித் திரிகிறவன், வீட்டாருக்குப் பிடிக்காத பெண்ணையே மணந்துகொண்டவன், அம்மா பேச ஆரம்பித்தால் வாயைத் திறப்பதில்லை. அந்த வீட்டில் பழமையைக் காப்பாற்றுவது அவனுடைய மௌனமும்தான். கட்டுரையாளர் அவனை 'பாவப்பட்ட கணவன்' என்று விட்டுவிட்டார்.

நருசே விடவில்லை. மறுபடி ஒரு கார் விபத்து; இம்முறை படுக்கையில் கிடப்பவன் ஹிரோஷி. அதற்குள் வீட்டைவிட்டு வெளியேறிவிட்ட சுகிகோ பார்க்க வருகிறாள்; உங்களுக்குக் குடும்பப் பெயர்தான் பெரிது என்று இரண்டு பெண்களையும் முகத்துக்கு நேரே கேட்கிறாள். கணவன் அந்த நிலையில் கிடந்தும் அவள் அந்த வீட்டுக்குத் திரும்புவதில்லை.

இன்னொரு குறை. ஜப்பானில் 1931லேயே முழுநீளப் பேசும்படம் எடுத்துவிட்டார்கள். பிறகும் மௌனப் படங்கள் தாக்குப்பிடித்ததற்குத் தொழில்நுட்பப் பின்தங்கல் மட்டுமே காரணம் என்று கட்டுரை சொல்வது சரியல்ல. திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லி, பாத்திரங்களுக்குக் குரல் கொடுத்த பென்ஷிகளைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லையே! நடிகர்களுக்கு இணையாக அவர்களுக்கும் ரசிகர்கள் இருந்தார்கள். பிழைப்பு போகும் என்று வேலைநிறுத்தம் செய்தார்கள். பின்னாளில் பெரிய இயக்குநரான அகிரா குரோசவாவின் அண்ணனும் ஒரு பென்ஷிதான். பேசும்படம் அந்தத் தொழிலை அழித்துவந்த 1933இல் தற்கொலை செய்துகொண்டார். பழமைக்கும் புதுமைக்கும் நடந்த சண்டையைப் பற்றி எழுதும்போது இதை எப்படி விட முடியும்?

நருசேயின் மௌனப் படங்களில் இன்று எஞ்சியிருப்பவை ஐந்தே. அவற்றைப் பற்றித் தனிக் கட்டுரை ஒன்றை, பென்ஷிகளையும் சேர்த்து, இதே கட்டுரையாளரிடம் கேட்டு வெளியிடுங்கள். அவருக்கு எழுதத் தெரிகிறது, அவசரம்தான் கூடாது.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
திருநெல்வேலி