வசனத்தைத் திரையில் எழுத்தாகவும் போடுங்கள்: தியேட்டர் உரிமையாளர்களுக்கும் விநியோகஸ்தர்களுக்கும் ஒரு மடல்

வணக்கம்.

போன வாரம் ஒரு இந்திப் படத்தின் தமிழ் டப்பிங்குக்கு அக்காவைக் கூட்டிப் போகலாமென்று எங்கள் ஊர் மல்டிபிளெக்ஸில் விசாரித்தேன். "தமிழ்லதானே ஓடுது, எதுக்குங்க சப்டைட்டில்?" என்றார் கவுன்ட்டரில் இருந்தவர். அவர்மேல் கோபமில்லை. 2023-இல் ஷாருக்கான் நடித்த 'பதான்' தமிழ் டப்பிங்கில் வந்தபோதும் இதே பதில்தான், அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

அக்காவுக்குச் சிறுவயதிலிருந்தே காது கேட்காது. உதட்டசைவை வைத்துத் தமிழைப் பிடித்துவிடுவாள். டப்பிங் படத்தில் குரல்தான் தமிழ், ஷாருக்கானின் உதட்டில் ஓடுவது இந்தி, அவள் எதைப் பிடிப்பாள்? 'பதான்' பார்த்தபோது, 57 வயதில் ஷாருக்கின் அந்த உடம்பு, நீளமுடி, ஸ்டைலான சண்டைகள் எல்லாவற்றையும் ரசித்தாள். படம் முடிந்தபிறகு ஷாருக்கும் சல்மானும் உட்கார்ந்து, முப்பது வருஷமாச்சு, விட்டுடலாமா, நமக்கப்புறம் யார் என்று பேசிக்கொள்வார்களே, 1992-இல் 'தீவானா' படத்தில் அறிமுகமான மனிதருக்கு அந்தப் படம் செய்த மரியாதையே அந்தப் பேச்சில்தான் இருக்கிறது. தியேட்டரே சிரித்துக் கைதட்டியது. அக்கா என் தோளைத் தட்டி என்னவென்று கேட்டாள். நான் போனில் டைப் செய்து காட்டுவதற்குள் காட்சி முடிந்துவிட்டது, வெளிச்சம் கண்ணில் அடிக்கிறதென்று பின்வரிசையிலிருந்து திட்டு வேறு.

திரையில் யாராவது சிகரெட் பற்றவைத்தால் அந்த நொடியே ஓரத்தில் எச்சரிக்கை எழுத்து வருகிறது. அதற்கு இடமிருக்கும்போது வசனத்துக்கு இருக்காதா? 'பதான்' ஓடிடிக்கு வரும்போது சப்டைட்டிலும், பார்வையற்றோருக்கான ஒலி விவரிப்பும் வேண்டுமென்று 2023 ஜனவரியிலேயே டெல்லி உயர் நீதிமன்றம் சொன்னது. 2024 மார்ச்சில் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் தியேட்டர்களில் ஓடும் படங்களுக்கே இந்த வசதிகளுக்கான வழிகாட்டு நெறிமுறை கொடுத்தது, பல மொழிகளில் தணிக்கையாகும் படங்கள்தான் முதலில் செய்யவேண்டும் என்றும் சொன்னது. இதெல்லாம் உங்களுக்குத் தெரியாததல்ல. பாப்கார்ன் விலை, பார்க்கிங் கட்டணம், முடியவே முடியாத விளம்பரங்கள் என்று எல்லாவற்றையும் மற்றவர்களைப் போலத்தான் நாங்களும் பொறுத்துக்கொள்கிறோம். அக்காவும் முழு டிக்கெட்தான் வாங்குகிறாள், பாதிப் படம்தான் கிடைக்கிறது.

சரி, எல்லாக் காட்சிக்கும் கேட்கவில்லை. சனி, ஞாயிறில் ஒரு காட்சிக்காவது தமிழ் சப்டைட்டில் போடுங்கள். டப்பிங் படமென்றால் கட்டாயம் போடுங்கள். எந்தக் காட்சி என்பதை டிக்கெட் புக் பண்ணும் இடத்திலேயே தெரியப்படுத்துங்கள், கவுன்ட்டரில் நின்று விளக்கம் சொல்லும் வேலை எங்களுக்கு வேண்டாம். விநியோகஸ்தர்கள் படத்தோடு சப்டைட்டிலையும் சேர்த்தே தியேட்டருக்கு அனுப்பிவைக்க வேண்டுமென்று தயவாகக் கேட்டுக்கொள்கிறேன்.