கூட்டாளிகள் வழக்காடும் காலத்தில் வாடகை யாரிடம் போக வேண்டும்? – கிருஷ்ணகிரி மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்பிற்குரிய தலைவர், செயலாளர் அவர்களுக்கு வணக்கம்.

இம்மாவட்டத்தில் கூட்டு வணிகங்களுக்குக் கணக்கு எழுதிவரும் நான், பிரிந்துபோன பங்குதாரர்களின் வழக்குகளில் சிக்கி நிற்கும் வாடகைக் கட்டடங்கள் குறித்துத் தங்களிடம் ஒரு கோரிக்கை வைக்கிறேன்.

பர்கூர் ஜவுளிக் கடைத்தெருவானாலும் ஓசூர் பாகலூர் சாலையானாலும் கதை பெரும்பாலும் ஒன்றுதான். சேர்ந்து தொழில் செய்த இருவர் லாபத்தில் ஒரு மனை வாங்கி, கீழே கடைகளும் மேலே வீடுகளுமாகக் கட்டி வாடகைக்கு விடுகிறார்கள். பணம் நிறுவனத்தின் கணக்கிலிருந்து போகிறது. கிரயப் பத்திரமோ இருவரின் சொந்தப் பெயரில் பதிவாகிறது. உறவு நன்றாக இருக்கும்வரை இதை யாரும் பொருட்படுத்துவதில்லை. பிரிவு வந்ததும், நிறுவனப் பணத்தில் வாங்கியது 1932ஆம் ஆண்டுப் பங்காண்மைச் சட்டத்தின் 14ஆம் பிரிவின்படி நிறுவனச் சொத்துதான், கடன்களைத் தீர்த்துக் கணக்கு முடித்த பிறகே பங்கு என்கிறார் ஒருவர். பத்திரத்தில் இருவர் பெயரும் இருப்பதால் ஆளுக்குப் பாதி, பாகம் பிரித்துக் கொடுத்தால் போதும் என்கிறார் மற்றவர். நிறுவனச் சொத்து என்றால் நிறுவனம் கலைந்த 3 ஆண்டுகளுக்குள் கணக்கு கேட்டு வழக்குத் தொடுத்திருக்க வேண்டும். கூட்டுச் சொத்து என்றால் அந்தக் காலவரம்பு குறுக்கே வராது. எனவே சொத்தின் தன்மையை நிறுவுவதற்கே சாட்சி விசாரணை நீள்கிறது. யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணைக்குப் பிறகு, அதைப் பிரித்துக் கொடுக்கும் இறுதித் தீர்ப்பாணைக்கு மறுபடியும் காத்திருக்க வேண்டும்.

இதற்கிடையில் கட்டடத்தில் இருப்பவர்களின் நிலையைச் சொல்லியாக வேண்டும். வாடகையை என்னிடமே தர வேண்டும் என்று இரு தரப்பு வழக்கறிஞர்களிடமிருந்தும் கடைக்காரருக்கு நோட்டீஸ் வருகிறது. காலியான கடையின் ஷட்டரில் ஆளுக்கொரு பூட்டு தொங்குகிறது. மொட்டைமாடியில் தண்ணீர் கசிந்தாலும், செலவழித்தவர் கணக்கில் அது சேருமா என்ற ஐயத்தில் இருவருமே கொத்தனாரைக் கூப்பிடுவதில்லை. எல்லாவற்றிலும் கொடியது அட்வான்ஸ் பணம்தான். அதை வாங்கியது நிறுவனம், செலவானது கட்டடத்துக்கு. காலி செய்பவர் திருப்பிக் கேட்டால் அவரிடம் போய்க் கேள் என்று ஒவ்வொருவரும் மற்றவரைக் கைகாட்டுகிறார்கள். வழக்கில் கட்சியாகவே இல்லாத ஒரு தையற்கடைக்காரரோ பெட்டிக்கடைக்காரரோ ஏன் இந்த இழப்பைச் சுமக்க வேண்டும்?

சட்டத்தில் வழி இல்லை என்று நான் சொல்லவில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 40ஆம் கட்டளைப்படி வழக்கு முடியும்வரை சொத்தை நிர்வகித்து வாடகையை வசூலிக்க ஒரு ரிசீவரை நீதிமன்றம் நியமிக்கலாம். ஆனால் அந்த மனுவே தனி வழக்குபோல எதிர்மனு, வாய்தா என்று நீள்வதைப் பார்த்து வருகிறேன். வாடகை யாருக்கு உரியது என்பதில் ஐயம் இருந்தால் வாடகை அதிகாரியிடம் செலுத்தலாம் என்று 2019இல் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு வாடகைச் சட்டம் சொல்கிறது; நான் அறிந்த கடைக்காரர்கள் பலருக்கு அப்படி ஒரு வழி இருப்பதே தெரியாது.

ஆகவே தங்களை நாடுகிறேன். வணிக நீதிமன்றங்கள் சட்டத்தின் 12ஏ பிரிவின்படி, 3 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள பங்காண்மை ஒப்பந்தத் தகராறுகள், அவசர இடைக்கால நிவாரணம் கோரப்படாதபோது, வழக்குக்கு முன்பே சமரசத்துக்காகத் தங்கள் முன் வருகின்றன. அதற்கு 3 மாதங்களும், இரு தரப்பும் இசைந்தால் மேலும் 2 மாதங்களும் இருக்கின்றன. பங்கு எவ்வளவு என்ற பேச்சைத் தொடங்கும் முன், முதல் அமர்விலேயே வாடகை குறித்து மட்டும், அவரவர் உரிமைக்குப் பாதகமின்றி, ஒரே பக்க அளவில் ஓர் உடன்பாடு எழுதி இருவரிடமும் கையெழுத்து வாங்குமாறு சமரசர்களுக்கு அறிவுறுத்த வேண்டுகிறேன். வாடகை முழுவதும் இருவரும் சேர்ந்து கையெழுத்திட்டால் மட்டுமே எடுக்கக்கூடிய வங்கிக் கணக்கில் சேர வேண்டும்; சொத்து வரி, பழுது, திருப்பித் தர வேண்டிய அட்வான்ஸ் ஆகியவை அதிலிருந்தே போக வேண்டும்; மாதக் கணக்கு இருவருக்கும் கிடைக்க வேண்டும்; இந்த ஏற்பாட்டைத் தெரிவிக்கும் கடிதம் இருவர் கையெழுத்தோடும் ஒவ்வொரு வாடகைதாரருக்கும் போக வேண்டும். சமரசம் முறிந்தாலும் நீதிமன்றம் வேறு உத்தரவிடும்வரை இது தொடரும் என்ற வரியை மட்டும் தயவுசெய்து விட்டுவிட வேண்டாம். அந்த வரி இல்லாவிட்டால், பேச்சு முறிந்த மறுநாளே இருவரும் வாடகை கேட்டுத் தனித்தனியே கடைவாசலுக்கு வந்துவிடுவார்கள்.

சிவில் நீதிமன்றங்களில் ஏற்கெனவே நிலுவையில் உள்ள பாகப்பிரிவினை வழக்குகள் மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பப்படும்போதும் இதே நடைமுறையைக் கைக்கொள்ள ஆவன செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கணக்கர் ஒருவர்,
கிருஷ்ணகிரி.