பைகளைப் பூட்டும் முன்

சிங்கப்பூரில் தமிழ் நிகழ்ச்சிகள் நடத்தும் செயற்குழுக்களுக்கும் தொண்டூழியர்களுக்கும்,

வணக்கம்.

போன ஆண்டு ஒரு சனிக்கிழமை, பிள்ளைகளின் நாடக ஒத்திகை. எல்லாருடைய பைகளையும் பக்கத்து அறையில் வைத்துப் பூட்டினார்கள். நல்ல எண்ணம்தான். அதற்கு முந்தின வாரம் யாருடைய கைப்பேசியோ காணாமல் போயிருந்தது. சாவி ஒரு அண்ணனிடம் இருந்தது, அவர் பிரியாணிப் பொட்டலங்கள் எடுத்துவரப் போயிருந்தார். என் மகனின் நீல இன்ஹேலர் அந்த அறைக்குள், அவன் பையின் முன்பக்க ஜிப்புக்குள்.

அவனுக்கு வயது ஒன்பது, ஆஸ்துமா உண்டு. இரண்டு நாளாகச் சளி. ஒத்திகைக்கு அனுப்பியிருக்கக் கூடாது என்று நீங்கள் சொன்னால் தலையாட்டிக்கொள்கிறேன். மேடையில் ஓடி வரும் காட்சி, கூடவே புகை இயந்திரம். முதலில் இருமல், அப்புறம் இழுப்பு. என்னைத் தொலைபேசியில் அழைத்து அவன் காதருகே வைத்தார்கள். "அம்மா" என்றான். அடுத்த சொல் வரவில்லை. மூச்சு மட்டும் கேட்டது, விசில் மாதிரி.

நான் டாக்சியில் போய்ச் சேர்ந்தபோது அவனைப் படுக்க வைத்திருந்தார்கள். ஓர் அக்கா நெஞ்சில் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தார், இன்னொருவர் சுடுதண்ணீரோடு நின்றார். ஒருவர் முகத்திலும் அலட்சியம் இல்லை, எல்லாரும் பதறிப்போயிருந்தார்கள். எனக்கும் முப்பது வருட ஆஸ்துமா என்பதால் என் கைப்பையில் என் நீல பம்ப் எப்போதும் இருக்கும். அதே மருந்துதான். அவனை நிமிர்த்தி உட்கார வைத்து அதைக் கொடுத்தேன். பிறகு ஆம்புலன்ஸ், மருத்துவமனையில் ஓர் இரவு. பிள்ளை நன்றாக இருக்கிறான். சாவி எப்போது வந்தது என்று நான் கேட்கவே இல்லை.

அந்த ஏற்பாட்டாளர்கள் மேல் பழிபோட இதை எழுதவில்லை. உங்களில் யார் நிகழ்ச்சியிலும் இது நடக்கலாம். நான் கேட்பது ஒன்றுதான்: இன்ஹேலரைப் பிள்ளையிடமிருந்து பிரிக்காதீர்கள். அலுவலக மேசையில் வேண்டாம், முதலுதவிப் பெட்டியிலும் வேண்டாம், பூட்டிய அறையில் வேண்டவே வேண்டாம். பிள்ளையின் இடுப்புப் பையில் இருக்கட்டும். மேடை உடையோடு அது பொருந்தாது என்றால் திரைக்குப் பின்னால் நிற்கும் ஒருவர் கையில் இருக்கட்டும், அந்த ஒருவர் யார் என்று பிள்ளைக்கும் தெரியட்டும்.

இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இழுப்பு வரும்போது மூச்சுக்குழாயைச் சுற்றியுள்ள தசை இறுகுகிறது, குழாயின் உட்சுவர் வீங்குகிறது, சளி அடைக்கிறது. நீல இன்ஹேலரில் உள்ள சால்புட்டமால் இறுகிய தசையைச் சில நிமிடங்களில் தளர்த்திவிடும். வீக்கத்தை அது தொடாது. வீக்கத்துக்கு ஸ்டீராய்டு வேண்டும், மாத்திரையாகக் கொடுத்தாலும் அது வேலை செய்யச் சில மணி நேரம் ஆகும். அதனால்தான் முதல் ஐந்து நிமிடத்துக்கு நீலத்தை விட்டால் வேறு கதி இல்லை. பிள்ளை தெளிந்து சிரித்த பிறகும் மருத்துவரிடம் காட்ட வேண்டியிருப்பதும் அதனால்தான். நீலத்தின் பலன் நாலைந்து மணி நேரத்தில் இறங்கும்போது வீக்கம் அப்படியே உட்கார்ந்திருக்கும்.

மருத்துவர் எழுதிக்கொடுத்த ஆஸ்துமா திட்டத்தாள் பிள்ளையிடம் இருந்தால் அதில் உள்ளபடி செய்யுங்கள். இல்லையென்றால் முதலுதவியில் பரவலாகச் சொல்லும் நான்கு கணக்கை நினைவில் வைக்கலாம். நிமிர்த்தி உட்கார வையுங்கள். இன்ஹேலரைக் குலுக்கி ஸ்பேசரில் (இன்ஹேலருக்கும் வாய்க்கும் நடுவே வைக்கும் பிளாஸ்டிக் குழாய்) செருகி ஒரே ஓர் அழுத்து, பிள்ளை அதற்குள் நாலு முறை மூச்சு விடட்டும். மறுபடி குலுக்கி அடுத்த அழுத்து. இப்படி நான்கு. நான்கு நிமிடம் பார்த்துவிட்டுத் தேறவில்லை என்றால் இன்னும் நான்கு. அதற்கும் அடங்கவில்லை என்றால் 995. ஆம்புலன்ஸ் வரும்வரை நான்கு நான்காகத் தொடரலாம். நாலு அழுத்தையும் ஒரேயடியாக அடிப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். மருந்தில் ஒரு பகுதி ஸ்பேசரின் சுவரில் ஒட்டி வீணாகும்.

சில நேரம் இந்தக் கணக்கெல்லாம் வேண்டாம், முதலில் 995, பிறகு இன்ஹேலர். ஒரு வாக்கியத்தை முழுசாகச் சொல்ல முடியவில்லை, விலா எலும்புகளுக்கு நடுவே தோல் குழிந்து குழிந்து உள்ளே போகிறது, உதடு நீலம் பாரிக்கிறது, பிள்ளை சோர்ந்து தலை சாய்கிறது என்றால் காத்திருக்கவே கூடாது. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். விசில் சத்தம் நின்றுவிட்டது, ஆனால் பிள்ளை இன்னும் திணறுகிறது என்றால் அது குணமான அறிகுறி இல்லை. காற்றே சரியாகப் போகவில்லை என்று அர்த்தம். மற்ற எல்லாவற்றையும்விட இதுதான் எனக்குப் பயம்.

ஸ்பேசர் என்றதும் "அது எதற்கு, கேஸ் வைத்தால்தானே சரியாகும்" என்று நம் பாட்டிமார் கேட்பார்கள். அவர்கள் சொல்லும் கேஸ் என்பது நெபுலைசர், மருந்தைப் பனிபோல் ஆக்கி முகமூடி வழியாகக் கொடுக்கும் இயந்திரம். அதன் மேல் நமக்கு அப்படி ஒரு பக்தி. மிதமான இழுப்புக்கு ஸ்பேசர் வழியாகக் கொடுக்கும் மருந்து நெபுலைசருக்குச் சளைத்ததல்ல என்பது பல ஆய்வுகளில் தெளிவான விஷயம். ஸ்பேசர் கையில் இல்லாத அவசரத்துக்கு, அரை லிட்டர் பிளாஸ்டிக் போத்தலின் அடியில் இன்ஹேலர் வாய் அளவுக்குத் துளை போட்டு இடுக்கை அடைத்தாலும் பிள்ளைகளிடம் நன்றாக வேலை செய்தது என்று தென்னாப்பிரிக்க மருத்துவர்கள் 1999இல் காட்டினார்கள். அதற்காகப் போத்தலை நம்பி இருக்க வேண்டாம், மருந்தகத்தில் ஸ்பேசர் கிடைக்கிறது.

பிள்ளைகளைப் பற்றியே பேசுகிறேன். உங்கள் தொண்டூழியர்களையும் கொஞ்சம் பாருங்கள். பெரிய பாத்திரத்துக்கு முன்னால் வதக்கும் புகையில் நின்று, நடுநடுவே சட்டைப் பையிலிருந்து நீல பம்பை எடுத்து இரண்டு இழுப்பு இழுத்துவிட்டு மறுபடி கரண்டியைப் பிடிக்கும் அண்ணன் ஒருவர் எல்லாக் குழுவிலும் இருப்பார். என் மாமா அப்படித்தான். மாதம் ஒரு நீல இன்ஹேலர் தீர்த்தார். இருநூறு அழுத்து! வருடத்துக்கு மூன்றைத் தொட்டாலே கடும் இழுப்பு வரும் அபாயம் கூடுகிறது, மாதம் ஒன்று என்றால் உயிருக்கே ஆபத்து என்று எச்சரிக்கிறது ஆஸ்துமாவுக்கான உலகளாவிய வழிகாட்டியான ஜீனா. பெரியவர்களும் 12 வயது நிரம்பிய பிள்ளைகளும் நீலத்தை மட்டும் வைத்துக்கொண்டு காலம் தள்ளக் கூடாது என்று 2019 முதல் அது சொல்லி வருகிறது. வீக்கத்தைக் குறைக்கும் இன்ஹேலரும் வேண்டும். பலதுறை மருந்தகத்தில் கேட்டால் மெடிசேவ் மருத்துவச் சேமிப்பிலிருந்தும் கட்டலாம். மாமாவுக்கு இப்போது அவசரத்துக்கே இரண்டு மருந்தும் கலந்த ஒன்றைக் கொடுத்திருக்கிறார்கள். அது நீலம் இல்லை, ஸ்பேசரும் வேண்டாம், வேகமாக உறிஞ்ச வேண்டும். ஆகவே பெரியவர்களிடம் "உங்கள் அவசர மருந்து எது" என்று முன்கூட்டியே கேட்டு வைப்பது நல்லது.

புகை விஷயத்துக்கு வருகிறேன். 2013 ஜூன் 21 அன்று காற்றுத்தரக் குறியீடு 401ஐத் தொட்டபோது ஜன்னல்களை இறுக்கிச் சாத்திக்கொண்டோம். 2015 செப்டம்பர் 25இல் புகைமூட்டத்துக்காகத் தொடக்க, உயர்நிலைப் பள்ளிகளையே மூடினார்கள். வெளியே இருந்து வரும் புகைக்கு இவ்வளவு பயப்படுகிற நாம், குளிர்சாதனம் போட்டு மூடிய மண்டபத்துக்குள் நாமே சாம்பிராணி போடுகிறோம், மேடையில் புகை விடுகிறோம். சாமி கும்பிட வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஊதுபத்தியை வாசலில் ஏற்றலாம். புகை இயந்திரம் இல்லாமலும் அசுரன் வருவான்.

பதிவுப் படிவத்தில் ஏற்கெனவே சைவமா அசைவமா என்று கேட்கிறீர்கள். அதற்குக் கீழே ஒரு வரி: பிள்ளைக்கு ஆஸ்துமா உண்டா, இன்ஹேலர் எங்கே இருக்கும்? அன்று காலை ஒருவரிடம் அந்தப் பட்டியல் இருந்தால் போதும். அவருக்கே மண்டபத்தின் முகவரியும் எந்த வாசலில் ஆம்புலன்ஸ் நிற்கலாம் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். எங்கள் ஒத்திகை நாளில் 995இல் கேட்ட முதல் கேள்விக்கு, நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்பதற்கு, அங்கே இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

ஏப்ரலில் தமிழ்மொழி விழா வந்தால் ஒத்திகைகள் மறுபடி தொடங்கிவிடும். கூப்பிட்டால் எந்தக் குழுவுக்கும் வருகிறேன். பாடம் நடத்த நான் மருத்துவர் இல்லை. ஸ்பேசரில் எப்படிப் பொருத்துவது என்று காட்டத் தெரியும், இருபது நிமிடம் ஆகும். வெற்று இன்ஹேலர் இரண்டு என்னிடம் இருக்கிறது, பிள்ளைகளே அழுத்திப் பார்க்கட்டும். என் மகனும் வருவான். இந்த முறை அவன் பை அவன் தோளில்தான் இருக்கும்.

இப்படிக்கு,
ஈசூனிலிருந்து ஒரு தாய்