காரின் குறியீட்டைக் கார்க்காரருக்கும் காட்டச் சொல்லுங்கள்

மத்திய நுகர்வோர் விவகாரத் துறைச் செயலாளர் அவர்களுக்கு,

வணக்கம். 2022 ஜூலையில் பழுதுபார்க்கும் உரிமைக்காக உங்கள் துறை ஒரு குழு அமைத்தது. விவசாயக் கருவிகள், செல்போன், வீட்டு உபயோகப் பொருட்கள், வாகனங்கள் என்று நான்கு துறைகளை எடுத்துக்கொண்டீர்கள். அந்த ஆண்டு டிசம்பர் 24, தேசிய நுகர்வோர் தினத்தன்று அதற்கான இணையதளமும் வந்தது. கையேடு, உதிரிபாக விலை, வாரண்டி விவரம், சர்வீஸ் சென்டர் முகவரி எல்லாம் ஒரே இடத்தில் கிடைக்க வேண்டும் என்பது நோக்கம். நல்ல காரியம்தான். ஆனால் இன்றைய காரில் ஸ்பேனர் எடுப்பதற்கு முன்னால், கோளாறுக் குறியீட்டைப் படிக்கும் ஸ்கேனரை மாட்ட வேண்டியிருக்கிறது. அதைப் பற்றித்தான் இந்த மடல்.

நான் மெக்கானிக் இல்லை. என் காரின் சின்னச் சின்ன வேலைகளை வீட்டு வாசலிலேயே பார்த்துக்கொள்ளும் ஆள். நம் நாட்டில் 2013 ஏப்ரலிலிருந்து பிஎஸ்-4 என்ற புகை விதிப்படி வந்த கார்களில், கோளாறைத் தானே கண்டுபிடித்துப் பதியும் ஓபிடி-2 என்ற அமைப்பு கட்டாயம். அதனால் ஸ்டியரிங்குக்குக் கீழே கையை விட்டுத் துழாவினால் 16 பின் சாக்கெட் ஒன்று தட்டுப்படும். அதில் செருக ஒரு புளூடூத் டாங்கிள் (தகவலைப் போனுக்கு அனுப்பும் சின்னக் கருவி), போனில் ஒரு ஆப், இவ்வளவு போதும். செக் எஞ்சின் விளக்கு ஏன் எரிகிறது என்று கார் தானே சொல்லிவிடுகிறது.

சொல்கிறது என்றால், பாதியைச் சொல்கிறது. மீதியை நாம் யோசிக்க வேண்டும். உதாரணத்துக்கு பி0301 என்ற குறியீடு வருகிறது என்று வையுங்கள். முதல் சிலிண்டர் சரியாக எரியவில்லை என்று பொருள். காரணம் தீப்பொறி தரும் ஸ்பார்க் பிளக்கா, அதற்கு மின்சாரம் கொடுக்கும் காயிலா, பெட்ரோலைத் தெளிக்கும் இன்ஜெக்டரா? முதல் சிலிண்டரின் காயிலைக் கழற்றி இரண்டாவதில் மாட்டிவிட்டு, குறியீட்டை அழித்து, வண்டியை ஒரு சுற்று ஓட்டிப் பார்க்கலாம். பி0302 என்று மாறி வந்தால் குற்றவாளி காயில். செலவு ஒரு பைசா இல்லை.

பி0171 இன்னும் சுவாரசியம். காற்று அதிகம், பெட்ரோல் குறைவு என்கிறது எஞ்சின். இதைப் பார்த்ததும் ஓடிப்போய், இதை அளந்து சொன்ன ஆக்சிஜன் சென்சாரையே மாற்றப் புதிது வாங்குகிறவர்கள் நிறைய. உண்மையைச் சொன்ன பாவத்துக்கு சென்சாருக்கே தண்டனை! எஞ்சின் பெட்ரோலை எவ்வளவு கூட்டிக் குறைக்கிறது என்று காட்டும் ஃப்யூயல் ட்ரிம் எண்ணைப் பொறுமையாகப் பார்க்க வேண்டும். வண்டி நிற்க எஞ்சின் மட்டும் ஓடும் ஐட்லிங்கில் அது எக்கச்சக்கமாக ஏறி, 2,500 ஆர்பிஎம்மில் இறங்கி வந்தால் பெரும்பாலும் எங்கோ எஞ்சினின் வேக்குவம் ஹோஸ் என்ற ரப்பர் குழாய் வெடித்துக் காற்று உள்ளே போகிறது. ஆர்பிஎம் ஏற ஏற அதுவும் ஏறினால் ஃப்யூயல் பம்ப், ஃபில்டர், காற்றை அளக்கும் சென்சார் பக்கம் பார்வையைத் திருப்ப வேண்டும். டாங்கிள் கையில் இருக்கும் யாரும் இதைச் செய்யலாம்.

ஏன் செய்ய முடிகிறது? புகை தொடர்பான குறியீடுகளை எந்த ஸ்கேனரும் படிக்கும்படி இருக்க வேண்டும் என்று சட்டம் சொன்னது, அதனால். அமெரிக்காவில் 1996 மாடலிலிருந்தே இப்படித்தான். சட்டம் எங்கே நின்றதோ, அங்கேயே கதவும் நின்றுவிட்டது.

2019-லிருந்து புதுக் கார்களில், பிரேக் அடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கும் ஏபிஎஸ் கட்டாயம், ஓட்டுநர் ஏர்பேக் கட்டாயம். சரியான முடிவு. ஆனால் அந்த விளக்குகள் எரியும்போது என் டாங்கிள் வாயைத் திறக்காது. ஏபிஎஸ் விளக்குக்கு அடிக்கடி காரணமாவது சக்கரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் வேக சென்சார்: சேறு அப்பியிருக்கும், அல்லது வயர் அறுந்திருக்கும். நான்கு சக்கரத்தில் எது என்பது காரின் கம்ப்யூட்டருக்குத் தெரியும், காருக்குப் பணம் கட்டியவருக்குத் தெரியாது. பின்பக்க பிரேக் பேட் மாற்றுவது ஒரு காலத்தில் ஞாயிற்றுக்கிழமை வேலை. எலக்ட்ரிக் பார்க்கிங் பிரேக் வந்த பிறகு, பல கார்களில் பேடை அழுத்தும் காலிப்பரின் மோட்டாரைப் பின்னுக்கு இழுக்க ஸ்கேனரில் சர்வீஸ் மோட் போட வேண்டும். டீசல் இன்ஜெக்டரைப் புதிதாக மாட்டினால் அதன் எண்ணைப் பல கார்களில் எஞ்சின் கம்ப்யூட்டருக்குள் எழுத வேண்டும். இதற்கெல்லாம் கம்பெனி ஸ்கேனர், இல்லையென்றால் பல ஆயிரம் கொடுத்து வாங்கும் ஒர்க்‌ஷாப் ஸ்கேனர்.

பாதுகாப்பு என்பார்கள் நிறுவனங்கள். ஓரளவு நியாயம்தான். சாவி புரோகிராம் செய்வதை ஊருக்கே திறந்துவிடச் சொல்லவில்லை; ஆர்சி-யையும் அடையாள அட்டையையும் சரிபார்த்துச் செய்யட்டும். ஏர்பேக்கைக் கழற்றும் துணிச்சலும் எனக்குக் கிடையாது. ஆனால் குறியீட்டைப் படிப்பதில் என்ன ஆபத்து? சீட்டுக்கு அடியில் கனெக்டர் லூஸானாலும் ஏர்பேக் விளக்கு எரியும். என்ன காரணம், எவ்வளவு செலவு என்று தெரியாத பயத்தில் விளக்கு எரிய எரிய மாதக்கணக்கில் ஓட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். விற்பதற்கு முன் விளக்கையே மறைத்துவிடுகிறவர்களும் உண்டு. பாதுகாப்பு பற்றிக் கவலைப்பட வேண்டிய இடம் அது.

நான் கேட்பது புதிதும் இல்லை. ஷம்ஷேர் கட்டாரியா என்பவர் கொடுத்த புகாரில் தொடங்கிய வழக்கில், 2014 ஆகஸ்ட் 25 அன்று இந்தியப் போட்டி ஆணையம் 14 கார் நிறுவனங்களுக்குச் சேர்த்து 2,544 கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் போட்டது. உதிரிபாகங்களையும் பழுதறியும் கருவிகளையும் வெளி மெக்கானிக்குகளுக்குக் கிடைக்காமல் வைத்திருப்பது தவறு என்றது. வெளியில் வேலை பார்த்தாலே வாரண்டி போச்சு என்று பொத்தாம்பொதுவாக நிபந்தனை போடக்கூடாது, அந்த வேலையால் சேதம் வந்திருந்தால் அந்த அளவுக்கு மட்டும் மறுக்கலாம் என்றும் சொன்னது. அபராதம் மேல்முறையீட்டுக்குப் போனது. அதன் தொகை எவ்வளவாக முடிந்தாலும் எனக்கு ஒன்றும் இல்லை. கருவி வந்து சேர்ந்ததா என்பதுதான் என் கேள்வி.

ஐரோப்பிய ஒன்றியத்தில் நிறுவனங்கள் பழுதுபார்க்கும் தகவலை மணிக்கணக்கிலும் நாள்கணக்கிலும் கட்டணம் வாங்கிக்கொண்டு தர வேண்டும் என்று விதி இருக்கிறது. அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் 2012-ல் மக்களே வாக்களித்து இந்த உரிமையைச் சட்டமாக்கினார்கள். அங்கே கொடுக்கும் அதே நிறுவனங்களில் சில இங்கேயும் கார் விற்கின்றன.

ஆகவே உங்கள் துறை முதலில் செய்ய வேண்டியது, செலவே இல்லாத ஒன்று. ஸ்கேன் செய்ததாக பில்லில் கட்டணம் போட்டால், வந்த குறியீட்டையும் அதன் பொருளையும் அதே பில்லில் அச்சிட வேண்டும் என்று உத்தரவிடுங்கள். பிழை வந்த நேரத்தில் எஞ்சின் சூடு, வேகம் எல்லாம் என்ன என்று கார் பதிந்து வைத்திருக்கும், அதையும் கொடுக்கட்டும். அப்புறம், ஏபிஎஸ், ஏர்பேக், ஸ்டியரிங், கியர்பாக்ஸ் குறியீடுகளை எந்த ஸ்கேனரும் படிக்கும்படி திறக்க வேண்டும், குறியீட்டுப் பட்டியலை உங்கள் இணையதளத்தில் போட வேண்டும். பிரேக் சர்வீஸ் மோட் போன்ற வேலைகளுக்கு மணிக்கணக்கில் காசு வாங்கிக்கொள்ளட்டும், கொடுக்கிறோம்.

பழைய கார் வாங்குகிறவர்களுக்கும் இதில் லாபம் உண்டு. குறியீட்டை அழித்த பிறகு எத்தனை கிலோமீட்டர் ஓடியது என்பதைப் பல கார்கள் சொல்லும். நேற்று அழித்துவிட்டு இன்று விற்க வருகிறவர் அதில் மாட்டிக்கொள்வார்.

பைக்குகளைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும். 2020-ல் அடுத்த புகை விதியான பிஎஸ்-6 வந்ததும், பெட்ரோலைக் காற்றோடு கலந்த கார்புரேட்டர் போய் பெரும்பாலானவற்றில் கம்ப்யூட்டர் கட்டுப்படுத்தும் ஃப்யூயல் இன்ஜெக்‌ஷன் வந்துவிட்டது. காதால் கேட்டே கோளாறு சொன்ன தெருமுனை மெக்கானிக்குகள், ஒவ்வொரு கம்பெனிக்கும் ஒரு ஸ்கேனர் வாங்க முடியாமல் புது வண்டிகளைத் திருப்பி அனுப்புகிறார்கள். உங்கள் குழு அடுத்த முறை வாகன நிறுவனங்களைப் பேச்சுக்குக் கூப்பிடும்போது, அந்தத் தெருமுனை மெக்கானிக்குகளில் ஒருவரையும் அதே மேசையில் உட்கார வையுங்கள்.

இப்படிக்கு,
பிஎஸ்-4 கார் வைத்திருக்கும் ஒரு நுகர்வோர்,
கோயம்புத்தூர்.