பின்னோக்கிப் போகும் ஆட்டம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் சிறுகதையில், ஆட்டக்காரி சுழன்றால் ஊரில் பொழுது நின்றுவிடுகிறது. அவள் பின்னோக்கி அடிவைத்தால் நேற்று திரும்பி வருகிறது. ரசித்துப் படித்தேன். ஆனால் கதைக்கு மேலே, 'உலகில் எங்குமே இல்லாத ஆட்டம்' என்று நீங்கள் போட்டிருந்த குறிப்போடு எனக்கு ஒரு சின்ன வழக்கு. பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டினால், கேரளத்தின் பழைய சமஸ்கிருத நாடக ஆட்டமான கூடியாட்டம் இருக்கிறதே!

அதில் பெரும்பாலும் நாடகத்தின் ஒரு அங்கத்தைத்தான் ஆடுவார்கள். அதற்கே பல இரவுகள் ஆகும். சக்திபத்திரரின் 'ஆச்சரியசூடாமணி'யில் அனுமன் சீதையிடம் கணையாழி சேர்க்கும் ஆறாம் அங்கத்தை 12 நாள் ஆடுவது மரபு. மந்திராங்கம் என்ற இன்னொரு நாடக அங்கத்துக்கு 41 நாள். அத்தனை நாள் என்னதான் செய்கிறார்கள் என்றால், பின்னால் போகிறார்கள். முதல் நாள் பாத்திரம் மேடைக்கு வந்து அங்கத்தின் தொடக்கத்தை ஆடும். அடுத்து அதே பாத்திரம் கதையை அங்கேயே நிறுத்திவிட்டு, 'இதற்கு முன் என்ன நடந்தது? அதற்கும் முன்?' என்று கேள்வி கேள்வியாகப் பின்னோக்கி இறங்கும். ஆதியைத் தொட்டதும் அங்கிருந்து படிப்படியாக ஏறி, புறப்பட்ட இடத்துக்கே வந்து சேரும். நிர்வகணம் என்பது இதுதான். மேடையில் ஒரே ஆள். பேச்சு கிடையாது, முத்திரையும் கண்ணும்தான். மற்றப் பாத்திரங்கள் வந்து சேர்வதெல்லாம் அப்புறம்.

இராவணன் கயிலையைப் பார்க்கும் இடத்தைச் சொல்ல வேண்டும். நடிகரின் விழி மலையடிவாரத்தில் நிலைகொண்டு, இழை இழையாக மேலே ஏறும். நிலவிளக்கில் மூன்று திரி. இரண்டு அவரைப் பார்த்து, ஒன்று நம்மைப் பார்த்து. பின்னால் மரச்சட்டத்துக்குள் உட்கார்ந்திருக்கும் மிழாவை, அதை வாசிக்கும் மரபினரான நம்பியார் கையால் அதிரவைப்பார். பெரிய செம்புப் பானையின் வாயில் தோல் கட்டிய வாத்தியம் அது. முதல் அரைமணி நேரம் கொட்டாவி வரும், மறைப்பானேன்? அதற்கப்புறம் கடிகாரம் என்ற ஒன்று இருப்பதே மறந்துபோகும்.

நமக்கும் இது அந்நியமில்லை. சிலப்பதிகாரத்தின் நடுகற் காதையில் பறையூர்க் கூத்தச் சாக்கையன் செங்குட்டுவன் முன், உமையைப் பாதியாகக் கொண்ட சிவனின் ஆட்டமான கொட்டிச்சேதம் ஆடுகிறான். சிவனின் பாதியில் சிலம்பு ஒலிக்கிறது. உமையின் பாதியில் பாடகம் பதையாது, மேகலை ஒலியாது. ஒரே உடம்பில் ஒரு பாதி ஓட, மறுபாதி நிற்கிறது! அந்தச் சாக்கையர் வழியினரே கூடியாட்டத்தை மரபாக ஆடிவரும் இன்றைய சாக்கியார்கள் என்று கருதும் ஆய்வாளர்கள் உண்டு.

இத்தனையும் எழுதக் காரணம், அண்மையில் எங்கள் பக்கத்து அமைப்பு ஒன்று கூடியாட்டக் குழுவை வரவழைத்து நடத்திய கூத்து. 'நேரமின்மை காரணமாக' என்று அறிவித்து, நிர்வகணத்தை அப்படியே வெட்டிவிட்டார்கள். சிறப்பு விருந்தினர் பேச்சுக்கு மட்டும் நேரம் தாராளமாக இருந்தது. யுனெஸ்கோ 2001-இல் கூடியாட்டத்துக்குக் கொடுத்த அங்கீகாரத்தைப் பற்றித்தான் அவரும் பேசினார். சுருக்கவே கூடாது என்று நான் சொல்லவில்லை. 1965-இல் கேரள கலாமண்டலம் என்ற கலைப் பள்ளியில் கூடியாட்டத் துறை தொடங்கியபோது அங்கே ஆசானாக வந்த பைங்குளம் ராம சாக்கியாரே இன்றைய மேடைக்காகச் சுருக்கியவர்தான். ஆனால் எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது என்று அவருக்குத் தெரியும். காலத்தோடு விளையாடும் பகுதியையே எடுத்துவிட்டால் மிஞ்சுவது வேஷமும் கிரீடமும்தான்.

ஆகவே ஒரு வேண்டுகோள். திருச்சூர், இரிஞ்ஞாலக்குடா, செறுதுருத்திப் பக்கம் நிர்வகணத்தோடு முழுசாக ஆடும் நாட்களை உங்கள் நிகழ்ச்சிப் பகுதியில் முன்கூட்டியே போடுங்கள். மார்கழிக் கச்சேரிகளுக்குப் பக்கம் பக்கமாக ஒதுக்குகிறீர்கள். இதற்கு நாலு வரி போதும். கோவை, பொள்ளாச்சிக்காரர்கள் ராத்திரி பஸ்ஸிலேயே போய்வந்துவிடுவோம்.

அன்புடன்,
ஒரு வாசகர்,
பொள்ளாச்சி